வெள்ளாவிக்குப் போகாத துணி

முதன்முதலில் அந்தக் கதை ஜொஹறாவின் காதுக்கு நேராக வரவில்லை. பூவரசங்குளம் சந்தியில் பஸ்ஸுக்கு நின்ற ஒருத்தி பக்கத்தில் நின்றவளுக்குச் சொல்ல, அவள் கிணற்றடியில் மஸீனாவுக்குச் சொல்ல, மஸீனா வெறுங்குடத்தோடு ஓடிவந்து தன் அக்காவிடம் கொட்டினாள்.

“ராத்தா, உங்கட பாலைக் குடிச்சுத்தானாம் அந்த வெள்ளைக்காரப் பிள்ளையின்ர தலைமயிர் முழுக்கக் கொட்டிப்போச்சு. உங்களுக்குத் தோல் வருத்தமாம். தாய்க்குத் தெரியாமல் களவாப் பால் குடுத்தனீங்களாம்.”

ஜொஹறா அப்போது மீன் கழுவிக்கொண்டிருந்தாள். கையை நிறுத்தவில்லை.

“ஆர் சொன்னது?”

“எல்லாருந்தான் சொல்லினம்.”

“எல்லாருக்கும் ஆர் சொன்னது?”

மஸீனா குடத்தைக் கீழே வைத்தாள். பதில் ஜொஹறாவுக்கே தெரியும். களவாகப் பால் கொடுத்தாள் என்ற அந்த ஒரு சொல் எந்த வாயிலிருந்து கிளம்பியிருக்கும் என்பதை அவள் அந்த இடத்திலேயே கண்டுகொண்டாள். செதில் ஒட்டிய கையோடு எழுந்து, குசினி வாசலில் நின்று, மன்னார் வீதிப் பக்கமாகப் பார்த்தாள். அந்தப் பக்கந்தான் காம்ப் இருந்தது.

ஐம்பதுகளின் நடுப்பகுதி அது. நாட்டுக்குச் சுதந்திரம் கிடைத்தும் வெள்ளைக்காரப் பட்டாளம் முழுதாகப் போய்விடவில்லை. பெருங்கூட்டம் திருகோணமலையில் இருந்தது. அதிலிருந்து ஒரு கைப்பிடியை எடுத்து இங்கே வன்னியில் காட்டை வெட்டிய ஒரு வெளியில் வைத்திருந்தார்கள். உயரமான கம்பங்கள், கம்பிகள், தகரக் கூரைக் கட்டிடங்கள், தள்ளித் தள்ளி ஐந்தாறு வீடுகள். ஊரில் அதற்கு ரேடியோக் காம்ப் என்று பெயர். காதில் எதையோ மாட்டிக்கொண்டு இரவும் பகலும் டிக்டிக் சத்தம் கேட்பதுதான் அவர்கள் வேலை என்று சொன்னார்கள். இந்தப் பக்கத்தில் அப்போது அவர்களுக்கென்று ஒரு யுத்தமும் இல்லை. அதனால் காலையில் கொம்பு ஊதி, கொடி ஏற்றி, பாதையோரத்துக் கல்லுகளுக்குத் திரும்பத் திரும்பச் சுண்ணாம்பு பூசினார்கள். சனிக்கிழமையில் வெள்ளைத் துணித் திரை கட்டிப் படம் பார்த்தார்கள். அவர்களுடைய பெண்களோ வேர்க்குருவுக்குப் பவுடர் போட்டுக்கொண்டு, கப்பலில் வரும் கடிதத்துக்காகக் காத்திருந்தார்கள். சண்டை இல்லாத பட்டாளத்துக்குச் சண்டை பிடிக்க வெய்யிலும் நுளம்புக்கடியும்தான் மிச்சம்.

அந்தக் காம்புக்கு இறைச்சி கொடுப்பவன் ஜொஹறாவின் கணவன் பாறூக். விடிகிற நேரம் சைக்கிளில் பெட்டி கட்டிக்கொண்டு போவான். அங்கே சமையல் பார்த்த ஐயாத்துரை அவனுக்குச் சிநேகிதன். வெள்ளைக்காரரோடு இங்கிலீஷ் பேசத் தெரிந்த மனுசன்.

மாரி மழை அடித்த ஒரு காலையில் பாறூக் வெறும் பெட்டியோடு திரும்பி வந்தான். ஜொஹறா பாயில் கிடந்தாள். அவளுக்குப் பிறந்த ஆண்பிள்ளை மூச்சுவிடாமலே பிறந்து, மையவாடியில் அடங்கிச் சில நாள்தான். பிள்ளை போனது பாலுக்குத் தெரியாது. நெஞ்சு கல்லாகக் கட்டி, சட்டை நனைந்து, காய்ச்சலும் வந்திருந்தது.

பாறூக் வாசலிலேயே நின்றான். “ஜொஹறா, சொல்லலாமோ தெரியேல்லை. காம்பில பெல்லமி சார்ஜனின்ர பொண்டாட்டிக்குப் பிள்ளை பிறந்த கையோட சன்னி மாதிரிக் காய்ச்சல். திருகோணமலைக்கு லொறியில ஏத்திப் போட்டினம். பிள்ளை இஞ்சதான். தகரப்பால் குடுக்கக் குடுக்கச் சத்தி எடுக்குதாம். இண்டைக்கோ நாளைக்கோ எண்டு ஐயாத்துரை சொல்லுறான்.”

“பிள்ளை என்ன பிள்ளை?”

“பொம்பிளைப் பிள்ளை.”

“சைக்கிளை எடுங்கோ,” என்றாள் ஜொஹறா.

அன்று அவள் அந்த வீட்டுக்குள் போனபோது சார்ஜன் பெல்லமி கதவைத் திறந்துவிட்டு, பேச்சு வராமல், சுவரைப் பார்த்து நின்று அழுதான். குழந்தை ஒரு சிவந்த எலிக்குஞ்சு மாதிரி இருந்தது. வாயை வைத்ததும் பிடித்துக்கொண்டது. அதன் பிறகு தாய் திரும்பி வரும்வரை ஜொஹறா பகலில் அங்கே, இரவிலும் பெரும்பாலும் அங்கே. பக்கத்து வீட்டு ஆயாமார் வந்து பார்த்தார்கள். சார்ஜன் பார்த்தான். ஐயாத்துரை அவளுக்கென்று மீன் சொதி வைத்துக் கொண்டுவந்து தந்தான். களவு எங்கே இருந்தது அதில்?

ஒரு பிழை நடந்தது. அதை ஜொஹறா ஒருநாளும் மறைக்கவில்லை. பிழை என்று ஒத்துக்கொள்ளவும் இல்லை.

தன் பிள்ளைக்கென்று அவள் ஒரு கிடாயை நேர்ந்து வளர்த்திருந்தாள். நாற்பது நாள் கழிந்ததும் பிறந்த முடியை இறக்கி, கிடாயை அறுத்து, இறைச்சியைச் சொந்தக்காரருக்கும் ஏழைகளுக்கும் பங்கு வைப்பது அவர்கள் வழக்கம். பிள்ளை போய்விட்டது, கிடாய் கொல்லையில் நின்று கத்திக்கொண்டிருந்தது. இந்தக் குழந்தைக்கோ நாற்பது வந்தது. தன் பாலைக் குடித்த பிள்ளை தனக்குப் பிள்ளைதான், மார்க்கத்திலும் அப்படித்தானே என்று அவள் நினைத்தாள். ஒருவரையும் கேட்காமல் முடி இறக்கும் ஒஸ்தாவைக் கூட்டிக்கொண்டு போய், காம்பின் பின்வளவில் வைத்து, அந்தப் பொன்னிற முடியைப் பூப்போல வழித்து எடுத்து, தலைக்குச் சந்தனம் பூசிவிட்டாள். கிடாயைப் பாறூக் அறுத்தான். அதில் ஒரு தொடை காம்ப் குசினிக்கும் போய், அன்றிரவு பட்டாளத்துக்காரர் எல்லாரும் அதைத் தின்று, இறைச்சி இன்றைக்கு விசேஷம் என்று ஐயாத்துரைக்குக் கைதட்டியதும் உண்மை. எதற்கான விருந்து என்று ஒருவருக்கும் தெரியாது.

மிஸிஸ் பெல்லமி மெலிந்து மஞ்சள் பூத்த முகத்தோடு திரும்பி வந்தாள். பிள்ளை பின்னல் தொப்பியோடு ஜொஹறாவின் மடியில் பால் குடித்துக்கொண்டிருந்தது. அவள் அதைக் கண்டாள். கண்டதும் மண்டியிட்டு உட்கார்ந்து, ஜொஹறாவின் கையை எடுத்துத் தன் கன்னத்தில் வைத்துக்கொண்டு என்னவோ சொன்னாள்.

“கடவுள்தான் உன்னை அனுப்பினவர் எண்டு சொல்லுறா தங்கச்சி,” என்றான் ஐயாத்துரை.

பிறகு மிஸிஸ் பெல்லமி, பிள்ளைக்கு வேர்க்கிறதே என்று தொப்பியைக் கழற்றினாள்.

அவள் கத்திய கத்தலைக் கேட்டு எதிர்வீட்டுப் பெண்கள் ஓடிவந்தார்கள். மொட்டைத் தலையை, காய்ந்த சந்தனத்தை, கறுத்த ஆயாவின் திறந்த சட்டையை எல்லாம் ஒரே பார்வையில் பார்த்தார்கள். மிஸிஸ் பெல்லமி அவர்களையும் பார்த்தாள், ஜொஹறாவையும் பார்த்தாள். தன் பிள்ளை இந்த நாட்டுப் பெண்ணின் பால் குடித்து வளர்ந்தது என்று அந்தப் பெண்களிடம் சொல்வது அவளுக்குச் செத்துப்போவதிலும் கடினமாக இருந்திருக்கவேண்டும். வாயில் வந்ததைச் சொன்னாள். தனக்குத் தெரியாமல் களவாகக் கொடுத்திருக்கிறாளாம். இவளுக்கு ஏதோ தோல் நோயாம், அது தொற்றித்தான் முடி போயிற்றாம். சொன்னதை உண்மையாக்க, டெற்றோல் போத்தலைக் கொண்டுவரச் சொல்லி, எல்லாரும் பார்த்திருக்கப் பிள்ளையின் வாயைத் துடைத்தாள்.

பெல்லமி சார்ஜன் தன் கால் சப்பாத்தைப் பார்த்துக்கொண்டு நின்றான்.

ஜொஹறா முந்தானையைச் சரிசெய்துகொண்டு நடந்தே வீட்டுக்கு வந்தாள்.

அதைக்கூட அவள் விழுங்கியிருப்பாள் என்று பாறூக் பிற்காலத்தில் சொல்வதுண்டு. ஆனால் கதை கிணற்றடிக்கு வந்த அடுத்த கிழமை, முல்லைத்தீவிலிருந்து மீராசாகிபு வந்தார். கருவாட்டு வியாபாரி, பேச்சில் தேன். அவருடைய மகனுக்கு மஸீனாவைக் கேட்டு, பேச்சு முற்றி, நாள் வைக்கிற கட்டத்தில் நின்றது. அவர் கதிரையின் விளிம்பில் இருந்து, தேத்தண்ணியைத் தொடாமல் சொன்னார்:

“மகள், நான் ஒண்டும் நம்பேல்லை. ஆனா என்ர வீட்டுப் பொம்பிளையள் கதைக்கினம். தங்கச்சிக்கும் அந்த வருத்தம் இருக்குமோ எண்டு... கொஞ்சம் ஆறப்போடுவம்.”

மஸீனா அறைக்குள் நின்று கேட்டுக்கொண்டிருந்தாள். ஜொஹறா ஆறின தேத்தண்ணியைப் பார்த்தாள்.

“ஆர் சொன்னால் நம்புவினம் உங்கட வீட்டில?”

“அந்த வெள்ளைக்காரி சொன்னால் பேந்தென்ன கதை? அவவின்ர வாயில இருந்து வந்ததுதானே.”

“அப்ப ஆறப்போடாமல் கொஞ்சம் பொறுங்கோ மாமா. அவளின்ர வாயாலயே சொல்ல வைக்கிறன்.”

வன்னிப் பெண்கள் வஞ்சம் தீர்த்த கதைகள் இருக்கின்றன. மண் அள்ளித் தூற்றுவார்கள், கோயில் வாசலில் தேங்காய் உடைப்பார்கள். ஜொஹறா அப்படி ஒன்றும் செய்யவில்லை. அவள் செய்தது ஒன்றே ஒன்றுதான்: தன்னைப் பற்றிய பொய்யை ஒத்துக்கொண்டாள்.

மறுநாள் கிணற்றடிக்குப் போனாள். பெண்கள் விலகி நின்றார்கள்.

“ஏன் விலகுறியள்? ஓம், வருத்தந்தான்,” என்றாள். “எனக்கு வருத்தம் எண்டால் என்ர பாலைக் குடிச்ச பிள்ளைக்கும் வருத்தந்தானே? அதைத் தூக்கிற கைக்கும் வருமே? அதின்ர துணியைத் தோய்க்கிற கைக்கு? நான் அங்க போறேல்லை இப்ப. நீங்கள் ஆர் போறியள், கவனம் பிள்ளையள்.”

பாறூக் அன்றிரவு தலையில் அடித்துக்கொண்டான். “உனக்கு விசரே? ஊர் பொய் சொல்லுது எண்டு சொல்லாமல், ஓம் எண்டு சொல்லிக்கொண்டு திரியிறாய்!”

“இல்லை எண்டு சொன்னால் என்ர வீட்டு வாசலிலதான் கிடக்கும் அது. ஓம் எண்டு சொன்னால் அவளின்ர வாசலுக்குப் போகும்.”

போயிற்று. பெல்லமி வீட்டுக்குப் புதிதாக வந்த ஆயா மூன்றாம் நாள் தாய்க்குச் சுகமில்லை என்று போனவள் திரும்பவில்லை. அடுத்தவள் படலையடியிலேயே திரும்பிவிட்டாள். தண்ணீர் ஊற்றுபவன் வாளியைப் படியில் வைத்துவிட்டு ஓடினான். இறைச்சி மட்டும் ஒழுங்காகப் போயிற்று. ஆனால் எல்லா வீட்டுக்கும் தொடை போனால் பெல்லமி வீட்டுக்குக் கழுத்தும் சவ்வும்.

ஐயாத்துரை வேலை முடிந்து போகும்போது ஜொஹறா வீட்டில் ஏறி இறங்கினான். அவனுடைய வாயால் கேட்காவிட்டால் அவளுக்குப் பொழுது போகாது. நல்ல செய்தி என்றால் தேத்தண்ணிக்குச் சீனி கூட விழும்.

“இண்டைக்கு அவ தன்ர கையால பிள்ளையின்ர நப்கின் தோய்ச்சவா. கை ரெண்டும் சிவந்து தோல் உரிஞ்சுபோச்சு.”

“அழுதவளோ?”

“அழுதவா.”

“சத்தமாவோ, உள்ளுக்கோ?”

“நீ என்ன தங்கச்சி இப்பிடிக் கேக்கிறாய்? சத்தமாத்தான்.”

“இன்னும் கொஞ்சம் சீனி போடட்டே அண்ணை?”

இன்னொரு நாள் எதிர்வீட்டுப் பெண்கள் தேநீருக்கு எல்லாரையும் கூப்பிட்டு மிஸிஸ் பெல்லமியை மட்டும் விட்ட செய்தியைக் கொண்டுவந்தான். பிள்ளைகளை வைத்திருப்பவர்கள் அவர்களும். தொற்று நோய்க்குப் பயம் எந்த நிறத் தோலுக்கும் ஒன்றுதான். ஜொஹறா அன்று வட்டிலப்பம் செய்து அவனுக்குக் கட்டிக் கொடுத்தாள்.

ஆனால் ஒரு மாலை அவன் தேத்தண்ணியைக் குடியாமலே இருந்தான்.

“என்ன, இண்டைக்கு ஒண்டும் நடக்கேல்லையோ?”

“பிள்ளைக்கு உடம்பெல்லாம் வெக்கைக் கட்டு. தொடையிடுக்கு முழுக்கப் புண். இரவு பகலாக் கத்துது. தாய் என்ன செய்யிறதெண்டு தெரியாமல் நிண்டு திண்டாடுறா. நோகிறது பிள்ளைக்குத்தான் தங்கச்சி.”

ஜொஹறா எழும்பிப் பின்வளவுக்குப் போனாள். வேப்பங்கொழுந்து ஆய்ந்தாள், மஞ்சள் வைத்து அம்மியில் மைபோல அரைத்தாள், சிரட்டையில் வழித்து, வாழையிலையால் மூடி, ஐயாத்துரையின் கையில் கொடுத்தாள். “தேங்காயெண்ணெயில குழைச்சுப் பூசச் சொல்லுங்கோ. ஆர் தந்தது எண்டு சொல்லாதேங்கோ.”

ஐயாத்துரை சைக்கிளில் ஏறிப் படலையைத் தாண்டியிருப்பான்.

“அண்ணை! நில்லுங்கோ!”

ஓடிப்போய்ச் சிரட்டையைப் பிடுங்கி வேலிக்கு வெளியே வீசினாள். மூச்சு வாங்கியது. “டெற்றோல் இருக்குத்தானே அங்க,” என்றாள். பிறகு உள்ளே போய்க் கதவைச் சாத்திக்கொண்டாள்.

காம்ப் முழுவதையும் அசைத்தவன் டோபி யோகலிங்கம். திருகோணமலையிலிருந்து ஒரு பெரிய அதிகாரி அணிவகுப்புப் பார்க்க வருவதாக இருந்தது. பட்டாளம் முழுக்க வெள்ளை உடுப்பில் நிற்கவேண்டும். யோகலிங்கத்திடம் இருந்ததோ ஒரே வெள்ளாவி. எல்லா வீட்டுத் துணியும் அந்த ஒரு பானையில்தான் அவியும். பெல்லமி வீட்டு மூட்டையை அவன் தொடவில்லை. அதற்குள், அந்த மூட்டையைத் தொட்ட லொறிக்காரன்தான் மற்ற மூட்டைகளையும் தொட்டவன் என்று யாரோ சொல்ல, அவன் ஒட்டுமொத்தமாகக் கையை விரித்துவிட்டான்.

“துரை கோவிக்கக் கூடாது. இந்த வெள்ளாவியிலதான் கோயில் ஐயரின்ர வேட்டியும் அவியுது. நான் ஊரோட இருக்கவேணும்.”

காம்ப் தலைவன் கப்டன் றோ, கலியாணம் ஆகாத, மூக்குச் சிவந்த, நெட்டையான ஆள். சண்டைக்குப் போயிருந்தால் நன்றாகச் செய்திருப்பான். நப்கின் விவகாரத்தில் அவனுக்குப் பயிற்சி இல்லை. ஐயாத்துரையைக் கூப்பிட்டு இதற்கெல்லாம் வேர் எது என்று கேட்டான். ஐயாத்துரை சொன்னான். அடுத்த நாள் காலை பாறூக்குக்கும் மனைவிக்கும் ஆள் வந்தது. ஜொஹறா முல்லைத்தீவுக்கு முதலில் ஆள் அனுப்பி, மீராசாகிபு வந்து சேர்ந்த பிறகுதான் படியிறங்கினாள். சாயம் போகாத சீலை, தலையில் முக்காடு, கலியாண வீட்டுக்குப் போகிறவள் போல.

கந்தோரில் கப்டன் மேசைக்குப் பின்னால் இருந்தான். சார்ஜன் பெல்லமி சுவரோரம் விறைத்து நின்றான். யன்னலுக்கு வெளியே வெறும் வெளி. அதற்கு அப்பால் பெல்லமி வீடு தெரிந்தது. கொடியில் நப்கின்கள் தொங்கின. கதவு திறந்திருந்தது.

“உனக்கு என்ன வேணுமாம் எண்டு கேக்கிறார்,” என்றான் ஐயாத்துரை.

“அவ சொல்லவேணும். நான் பால் குடுத்தது களவில்லை எண்டு. எனக்கு வருத்தம் ஒண்டும் இல்லை எண்டு. மயிர் கொட்டேல்லை, கத்தி வச்சு வழிச்சது எண்டு. இந்த மாமா கேக்கச் சொல்லவேணும். அவ்வளவுதான். பேந்து டோபியோட நானே போய்க் கதைக்கிறன்.”

கப்டன் பெல்லமியைப் பார்த்தான். பெல்லமி சுவரைப் பார்த்தபடியே, தாழ்ந்த குரலில், நீளமாக ஏதோ சொன்னான். ஐயாத்துரையின் முகம் மலர்ந்தது.

“ஒத்துக்கொள்ளுறார்! நீ வராட்டிப் பிள்ளை செத்திருக்கும் எண்டு சொல்லுறார். தான்தான் கதவைத் திறந்தவராம். வருத்தம் கிருத்தம் ஒண்டும் இல்லையாம். மன்னிக்கச் சொல்லிக் கேக்கிறார் தங்கச்சி.”

மீராசாகிபு பெருமூச்சு விட்டுக் கதிரையில் சாய்ந்தார். “அல்ஹம்துலில்லாஹ். எனக்கு இது காணும் மகள். தகப்பன்காரனே சொல்லிப்போட்டான். போய் நாளை வைப்பம்.”

பாறூக் எழும்பிவிட்டான். ஜொஹறா எழும்பவில்லை.

“எனக்குக் காணாது,” என்றாள்.

“ஜொஹறா!”

“அண்டைக்கு இவர் சப்பாத்தைப் பாத்துக்கொண்டு நிண்டவர். இண்டைக்குச் சுவரைப் பாத்துச் சொல்லுறார். சொன்னவள் அவள். துடைச்சவள் அவள். அவள் சொல்லட்டும்.”

மீராசாகிபுவின் குரலில் தேன் குறைந்தது. “நல்லா யோசிச்சுக் கதை. அவவைக் கேட்டு, அவ இல்லை எண்டு சொன்னாலோ, வாய் திறக்காட்டியோ, இவர் கப்டனுக்குப் பயந்து சமாளிச்சார் எண்டுதான் ஊர் சொல்லும். பேந்து நான் என்ர வீட்டில என்னத்தைச் சொல்லுறது? கையில வந்ததைக் கொட்டிப்போடாதை. தங்கச்சியை யோசி.”

“நான் யோசிக்காத நாள் இல்லை மாமா. அண்ணை, அவவைக் கேக்கச் சொல்லுங்கோ.”

ஐயாத்துரை அதைக் கப்டனுக்குச் சொன்னான். கப்டன் தோளைக் குலுக்கினான். கம்பி இழுப்பதே தொழிலான காம்பில் எல்லா வீட்டுக்கும் டெலிபோன் இருந்தது. அவன் கருவியை இழுத்துப் பிடியைச் சுற்றிக் காதில் வைத்தான்.

வெளிக்கு அப்பால் மணி அடித்தது. காற்று இந்தப் பக்கமாக வீசியதால் கந்தோருக்கே கேட்டது. குழந்தையின் அழுகையும் அதோடு சேர்ந்து வந்தது. திறந்த கதவுக்குள் ஒரு வெளிர் நிறச் சட்டை அசைந்து, வாசல்வரை வந்து, நின்றது. மிஸிஸ் பெல்லமி பிள்ளையைத் தோளில் போட்டுக்கொண்டு கந்தோர்ப் பக்கம் பார்த்தபடி நின்றாள். யன்னலில் முக்காட்டோடு தெரிந்த உருவம் யாருடையது என்று அவளுக்குத் தெரியாமல் இருந்திராது.

மணி அடித்துக்கொண்டே இருந்தது.

“எடுக்கமாட்டா போல,” என்றான் ஐயாத்துரை, மெல்ல. சார்ஜன் பெல்லமி கண்ணை மூடிக்கொண்டான். மீராசாகிபு தொப்பியை எடுத்து மடியில் வைத்தார். போவதற்கா இருப்பதற்கா என்று தெரியவில்லை. கப்டன் கருவியைக் காதிலிருந்து கொஞ்சம் விலக்கி, வைக்கட்டுமா என்பது போலப் பார்த்தான்.

“வைக்கவேண்டாம் எண்டு சொல்லுங்கோ அண்ணை,” என்றாள் ஜொஹறா, அந்த வாசலிலிருந்து கண்ணை எடுக்காமல். “அடிக்கட்டும்.”

அடித்தது.